டோபாலஜி புத்தகம்: தர்மபுரி, கிருஷ்ணகிரி பக்கம் யாரிடமாவது இருக்கிறதா?

எல்லோருக்கும் வணக்கம். பென்னாகரத்திலிருந்து எழுதுகிறேன். எம்.எஸ்சி. முடித்துச் சில வருடம் ஆகிறது, இப்போது பி.ஜி. டி.ஆர்.பி.க்கு (முதுகலை ஆசிரியர் தேர்வு) படிக்கிறேன். மற்றதெல்லாம் எப்படியோ ஓடுகிறது, கணிதத்தில் டோபாலஜி (இடவியல்) பகுதியில்தான் வண்டி நிற்கிறது.

கையில் இருப்பது மங்க்ரஸ் எழுதிய டோபாலஜி புத்தகம், 2000-இல் வந்த இரண்டாம் பதிப்பு. அருமையான புத்தகம்தான். காம்பாக்ட் (திறந்த கணங்களால் எப்படி மூடினாலும் அவற்றில் முடிவுள்ள எண்ணிக்கையில் சிலவே மூடப் போதும் என்ற பண்பு) புரிந்துவிட்டது. (0, 1) காம்பாக்ட் இல்லை: அந்த இடைவெளியை (1/2, 1), (1/3, 1), (1/4, 1) என்று மூடிக்கொண்டே போகலாம், ஆனால் அவற்றில் எண்ணி நாலைந்தை மட்டும் எடுத்தால் 0-வை ஒட்டிக் கொஞ்சம் மூடாமல் நிற்கும். இது கண்ணுக்கே தெரிகிறது. முடிவில்லாத எண்ணிக்கையில் வெளிகளைப் பெருக்கிக் கிடைக்கும் முடிவிலாப் பெருக்கல் வெளிதான் தகராறு. ஓர் எண்ணை எல்லா ஆயத்தொலைவிலும் அப்படியே வைக்கும் எளிய சார்புகூட பாக்ஸ் டோபாலஜியில் (ஒவ்வொரு ஆயத்தொலைவுக்கும் ஒரு திறந்த கணத்தை இஷ்டப்படி எடுத்துப் பெருக்கி அமைப்பது) தொடர்ச்சியாக இல்லையாம்! நிரூபணத்தை வரிவரியாகச் சரிபார்த்துவிட்டேன், மனதில்தான் உட்காரவில்லை.

சிம்மன்ஸ் எழுதிய புத்தகம் மெட்ரிக் ஸ்பேஸிலிருந்து (தொலைவு வரையறுத்த வெளி) படிப்படியாகப் போகிறது என்கிறார்கள். முதலில் அதைப் படித்துவிட்டு மங்க்ரஸுக்குத் திரும்பலாமா? அப்புறம் ஸ்டீன், சீபாக் எழுதிய எதிர் எடுத்துக்காட்டுத் தொகுப்பு, சரியா தவறா என்று கேட்கும் கேள்விகளுக்கு உதவுமா? கைடு பெயர்கள் வேண்டாம், விடை மட்டும் மனப்பாடமாகிறது.

தர்மபுரி, கிருஷ்ணகிரி, ஓசூரில் யாரிடமாவது பழைய சிம்மன்ஸ் இருந்தால் இரவல் கொடுங்கள், விலைக்கென்றாலும் சரி. நானே வந்து வாங்கிக்கொள்கிறேன். பென்சில் குறிப்புகள் இருந்தால் இன்னும் நல்லது, அழிக்க மாட்டேன்.