புதுப்பிப்பு: புளியரை வீட்டில் சிக்னல் குறைவது குறித்து

செங்கோட்டையை அடுத்த புளியரையில், முற்றத்தில் நன்றாகப் பேச முடிகிற கைப்பேசி வீட்டுக்குள் ஏன் தடுமாறுகிறது என்று முன்பு இங்கே கேட்டிருந்தேன். டவர் தொலைவில் இருப்பதே காரணம் என்று பலர் எழுதியிருந்தார்கள். அளந்து பார்த்ததில், தகரக் கூரைதான் முதன்மைக் காரணம் என்று தெரிகிறது. கைப்பேசியின் அமைப்புகளில் காட்டப்படும் சிக்னல் அளவு முற்றத்தில் -92 டிபிஎம், உள்ளறையில் -112 டிபிஎம் (டிபிஎம் என்பது சிக்னல் வலிமையின் அலகு; எண் பூஜ்ஜியத்துக்கு எவ்வளவு அருகில் இருக்கிறதோ அவ்வளவு வலிமை). இந்த 20 டெசிபல் வேறுபாட்டுக்கு, வந்து சேரும் ஆற்றல் நூறில் ஒரு பங்காகிவிட்டது என்று பொருள்.

கைப்பேசியில் அலையை வாங்கி அனுப்பும் பாகமான ஆன்டெனாவின் நீளம் அலைநீளத்தோடு தொடர்புடையது. கைப்பேசிச் சேவைக்குப் பயன்படும் அலைவரிசைகளில் ஒன்றான 900 மெகாஹெர்ட்ஸ் அலையின் நீளம் ஏறத்தாழ 33 செ.மீ.; அதில் கால் பங்கான 8 செ.மீ. அளவை, கைப்பேசியின் மேல், கீழ் விளிம்புகளில் மடித்தும் வளைத்தும் பொருத்துகிறார்கள். அந்த விளிம்புகளை உள்ளங்கை மூடும்போது, நம் உடல் அலையை உறிஞ்சுவதோடு ஆன்டெனாவின் இசைவையும் குலைத்துவிடுகிறது. ஆகவே பிடிக்கும் விதமும் உண்மையிலேயே முக்கியம்.

எல்லையோர மக்களுக்கு இன்னொன்று: தமிழ்நாடும் கேரளமும் தனித்தனித் தொலைத்தொடர்பு வட்டங்கள் (சேவைப் பகுதிகள்) என்பதால், கேரளத்து ஆரியங்காவுப் பக்கத்து டவரைப் பிடித்தால் கைப்பேசி ரோமிங்கில் (வெளி வட்டத்தில்) இருப்பதாகக் காட்டக்கூடும். அமைப்புகளில் நெட்வொர்க்கை நாமே தேர்ந்தெடுத்தால், கைப்பேசி இரு பக்கத்து டவர்களுக்கும் மாறி மாறித் தாவுவது குறைகிறது.

இப்போது கைப்பேசியைக் கிழக்கு ஜன்னலில் வைத்து, ஹாட்ஸ்பாட் மூலம் உள்ளறையில் இணையம் பயன்படுத்துகிறோம். சிலர் பரிந்துரைத்த பூஸ்டரை (சிக்னலைப் பெருக்கும் கருவியை) தயவுசெய்து வாங்காதீர்கள். உரிமமின்றி அதைப் பொருத்துவது சட்டவிரோதம், அக்கம்பக்கத்தாரின் சிக்னலையும் அது கெடுக்கும்.