நாணயச் சேர்க்கைக் கணக்கில் எப்போதும் இரண்டு விதங்கள் விடுபடுகின்றன

மூன்றாம் வகுப்பில் படிக்கும் என் எட்டு வயது மகள், நாணயச் சேர்க்கைக் கணக்கில் மூன்று வாரங்களாக ஒரே இடத்தில் நின்றுவிடுகிறாள். 1, 2, 5 மதிப்புள்ள நாணயங்களை எத்தனை வேண்டுமானாலும் பயன்படுத்தி 10ஐ எத்தனை விதங்களில் அமைக்கலாம் என்பது கணக்கு. சரியான விடை 10. அவளுக்குக் கிடைப்பதோ ஒவ்வொரு முறையும் 8.

தொடக்கத்தில் 5+2+2+1, 2+5+1+2 ஆகியவற்றை வெவ்வேறு விதங்களாக எண்ணினாள். பெரிய நாணயத்திலிருந்து இறங்குவரிசையில் எழுதப் பழக்கியதும் அக்குழப்பம் முற்றிலும் நீங்கியது. உண்மையான நாணயங்களை மேசையில் பரப்பிப் பார்த்ததில் பெரிய பயன் இல்லை. ஒரு சேர்க்கையைக் கலைத்ததும் அதை மறந்துவிடுகிறாள்.

பிறகு ஒவ்வொரு நாணயத்துக்கும் ஒரு நெடுவரிசை வைத்து அட்டவணை போட்டோம். அதுவே அதிகம் உதவியது, சிக்கலையும் காட்டிக்கொடுத்தது. ஒரு 5 எடுத்தபின் மீதமுள்ள 5ஐ அமைக்க, 2 மதிப்புள்ள நாணயம் இரண்டு, பின்னர் அதே நாணயம் ஒன்று என எழுதிவிட்டு அங்கேயே நிறுத்திக்கொள்கிறாள். 2 இல்லாத 5+1+1+1+1+1 அவளுக்குத் தோன்றுவதே இல்லை. பத்து 1 நாணயங்களும் அவ்வாறே விடுபடுகின்றன. ஆனால் 1, 2 இரண்டுமே இல்லாத 5+5ஐத் தவறாமல் எழுதுகிறாள் என்பதால், சுழியமே புரியவில்லை என்றும் கூற இயலவில்லை.

விடுபட்டதை நானே சொன்னால் ஏற்றுக்கொள்கிறாள், மறுநாள் மீண்டும் விடுகிறாள். அடுத்து 10 மதிப்புள்ள நாணயமும் சேர்ந்து, 20ஐ அமைக்கும் கணக்கு வருகிறது. அதில் 40 விதங்கள் உள்ளன.

ஒரு வகை நாணயத்தை அறவே எடுக்காமல் விடுவதும் ஒரு தேர்வுதான் என்பதைக் குழந்தை தானே கண்டுகொள்ளும்படி எவ்வாறு கற்பிக்கலாம்?