பிஆர் துறையில் பெண்கள்: இதில் பிஎச்டி செய்ய என்ன இருக்கிறது?

காட்பாடிவாசி:
அக்கா மகள் இதழியல் எம்.ஏ. முடித்துவிட்டாள். அடுத்து பிஎச்டியாம். தலைப்பு, மக்கள் தொடர்புத் (பிஆர்) துறையில் பெண்களின் நிலை. அமெரிக்காவில் எலிசபெத் டோத் என்ற பேராசிரியர் பல ஆண்டுகளாக இதை ஆராய்ந்து, மேரிலாந்து பல்கலைக்கழகத்தில் துறைத் தலைவராகவும் இருந்தாராம். அதே வழியில் போகிறேன் என்கிறாள். வேலூரில் இருந்துகொண்டு இது தேவையா? வீட்டில் கேட்டால் சண்டை, அதனால் இங்கே கேட்கிறேன்.

பாலாற்றுமணல்:
வேண்டாம் சார். ஆம்பூர், ராணிப்பேட்டை பக்கம் ஷூ கம்பெனி வேனுக்கு விடியற்காலையில் நிற்கிறார்களே, அந்தப் பெண்களைப் பற்றி எழுதச் சொல்லுங்கள். நம்ம ஊரில் பிஆர்ஓ என்றால் கலெக்டர் ஆபீசில் செய்திக்குறிப்பு கொடுப்பவர், இல்லாவிட்டால் சினிமா பிஆர்ஓ. ஏசி ரூம் மேடம்களுக்கு எதற்கு ஆராய்ச்சி?

சத்துவாச்சாரி அக்கா:
தம்பி, நான் ஒரு நடுத்தர மருத்துவமனையில் அந்த 'ஏசி ரூம்' வேலை பார்த்தவள். கொல்கத்தாவிலிருந்து ரயிலில் வந்து இறங்கும் குடும்பம், பழைய ரிப்போர்ட், ஸ்கேன் எல்லாவற்றையும் ஒரே பிளாஸ்டிக் பையில் திணித்துக்கொண்டு நேராக எங்கள் கவுன்டருக்குத்தான் வரும். அரைகுறை வங்காளியில் பேசி, லாட்ஜ் சொல்லி, பில்லுக்குக் கத்தினால் வாங்கிக் கட்டிக்கொள்வதும் நாங்கள்தான். கவுன்டரில் இருந்த எல்லோரும் பெண்கள். பத்திரிகைக்காரர்கள் வந்தால் மட்டும் மாடியிலிருந்து மேனேஜர் சார் இறங்கி வருவார். என்ன சொல்லலாம் என்று முடிவு செய்யும் மீட்டிங்கிற்கு எங்களைக் கூப்பிட்டதே கிடையாது.

இதைத்தான் அமெரிக்க பிஆர் ஆய்வாளர் கிளென் புரூம் 1982-லேயே எழுதினார். முடிவெடுக்கும் மேலாளர் வேலை ஒரு பக்கம், எழுதிக்கொடுத்து ஏற்பாடு செய்யும் வேலை இன்னொரு பக்கம். பெண்கள் பெரும்பாலும் இரண்டாவதில். 1986-இல் வந்த 'வெல்வெட் கெட்டோ' (சொகுசாகத் தெரிந்தாலும் பெண்களை ஒதுக்கி வைக்கும் இடம் என்று பொருள்) ஆய்வுக் குழுவில் டோத்தும் இருந்தார். பெண்கள் கூட்டமாக நுழைந்தால் சம்பளமும் மதிப்பும் இறங்கிவிடுமோ என்ற கவலை அப்போதே இருந்தது.

பாலாற்றுமணல்:
அக்கா, உங்கள் அனுபவத்தை மறுக்கவில்லை. ஆனால் அது ரிசப்ஷன் வேலை. போர்டில் பிஆர்ஓ என்று எழுதிவிட்டால் பிஆர் ஆகிவிடுமா? அமெரிக்க அளவுகோலை இங்கே கொண்டுவந்து வைத்தால் எல்லாமே வளைந்துதான் தெரியும்.

சத்துவாச்சாரி அக்கா:
சரி, அப்படியே வைத்துக்கொள்வோம். பெண்கள் செய்தால் ரிசப்ஷன், மேனேஜர் சார் அதையே மைக்கில் செய்தால் பிஆர். ஆராய்ச்சிக்கு இதைவிட நல்ல கேள்வி வேண்டுமா?

இலவம்பாடி கத்திரி:
நடுவில் நான் ஒன்று. வேலூர் சிஎம்சி மருத்துவமனையை நிறுவிய ஐடா ஸ்கடர் அமெரிக்காவில் பேசித்தானே வேலூருக்குப் பணம் கொண்டுவந்தார்? 1902-இல் வந்த மேரி டேபர் ஷெல் மருத்துவமனை அப்படி எழுந்ததுதான். வெளிநாட்டு நன்கொடையாளர்களைத் தன் பக்கம் இழுத்தது பிஆர் இல்லாமல் வேறென்ன? நாம் 'சேவை' என்று சொல்லி நகர்ந்துவிடுகிறோம்.

பாலாற்றுமணல்:
அது மிஷன் சேவை ப்ரோ. எல்லாவற்றையும் பிஆர் கணக்கில் எழுதாதீர்கள். பிஎச்டி முடித்தால் வேலை எங்கே? கல்லூரி ஆசிரியர் தகுதித் தேர்வான நெட் பாஸ் பண்ணிவிட்டு கௌரவ விரிவுரையாளராகக் காத்திருப்பவர்கள் எத்தனை பேர் என்று கல்லூரி வாசலில் கேட்டுப் பாருங்கள்.

சத்துவாச்சாரி அக்கா:
வேலைக் கவலை நியாயம்தான், அதில் தம்பி சொல்வது சரி. ஆனால் அது எந்தத் தலைப்புக்கும் உள்ள பிரச்சினை. ஷூ கம்பெனியைப் பற்றி எழுதினால் மட்டும் வேலை வீடு தேடி வருமா?

ஒன்று மட்டும் அந்தப் பெண்ணிடம் சொல்லுங்கள். டோத்தும் இன்னொரு ஆய்வாளர் லாரிஸா கிரூனிக்கும் 1993-இல் எழுதியதைப் படிக்கட்டும். மேலாளர் ஆன பெண்கள் பழைய எழுத்து வேலையையும் சேர்த்தே சுமந்தார்கள் என்று அதில் வருகிறது. 2001-இல் இந்த இருவரும் லிண்டா ஹானும் சேர்ந்து ஒரு புத்தகமே எழுதினார்கள். அவர்கள் கேள்விகளை அப்படியே மொழிபெயர்த்துக்கொண்டு போனால் பாலாற்றுமணல் சொன்ன ஆபத்து வரும். காந்தி ரோடு லாட்ஜ், ஆஸ்பத்திரி கவுன்டர், தோல் ஏற்றுமதிக் கம்பெனிகளில் வெளிநாட்டு பையருக்கு (சரக்கு வாங்குபவருக்கு) மெயில் எழுதும் பெண்கள், இங்கிருந்து தொடங்கட்டும்.

காட்பாடிவாசி:
பையருக்கு மெயில் எழுதும் வேலையில்தான் அவள் அம்மா இருந்தாள்! இன்றைக்கே சொல்கிறேன். நீங்கள் கேட்ட வேலைக் கேள்விக்கு மட்டும் இன்னும் பதில் வரவில்லை, பாலாற்றுமணல் சார்.

பாலாற்றுமணல்:
வராது. நெட் தேர்வுக்கு இப்போதே படிக்கச் சொல்லுங்கள்.