டெலரூ ஹாலிவுட் போனது நஷ்டம்தானா?

மாலைக்காட்சி:
நேத்து ராத்திரி பிரெஞ்சு இயக்குநர் கொதாரோட 'லெ மெப்ரி' படத்தை மறுபடி பார்த்தேன். 1963 படம். ரோம்ல ஒரு வீட்டுக்குள்ள புருஷனும் பெண்டாட்டியும் அரைமணி நேரம் மனசு முறிஞ்சு விலகுற காட்சி. வயலின்கள் மெல்ல ஏறி வரும், பாதியிலே கொதார் அறுத்துடுவார், கொஞ்ச நேரத்துல அதே மெட்டு திரும்ப வரும். தூக்கமே வரலை.

இப்படி இசை போட்ட பிரெஞ்சு இசையமைப்பாளர் ஜார்ஜ் டெலரூவை எண்பதுகள்ல ஹாலிவுட் என்ன பண்ணுச்சு? 1983ல 'சம்திங் விக்கட் திஸ் வே கம்ஸ்'க்கு ரீரெக்கார்டிங்கே முடிச்சுக் கொடுத்தார். அதைத் தூக்கிட்டு ஜேம்ஸ் ஹார்னரைக் கூப்பிட்டாங்க. 1986ல 'பிளாட்டூன்'. அவர் போட்டதுல பெரும்பகுதியை எடுத்துட்டு, சாமுவேல் பார்பர்ங்கற அமெரிக்க இசையமைப்பாளரோட 'அடாஜியோ'ங்கற பழைய இசையை வெச்சாங்க. அந்த 'அடாஜியோ'வை வான்கூவர் சிம்பொனி ஆர்க்கெஸ்ட்ராவோட நடத்திக் கொடுத்ததும் டெலரூதான்! தன் இசைக்குப் பதிலா வந்ததைத் தானே நின்னு நடத்தியிருக்கார். அவர் போயிருக்கவே கூடாது.

ரீல்பெட்டி:
தம்பி, இசையைத் தூக்குறது அமெரிக்காக்காரன் மட்டும் செய்யற வேலையா? நீங்க உருகுற 'லெ மெப்ரி'யோட இத்தாலியப் பதிப்புல டெலரூ இசையே கிடையாது. பியரோ பிச்சியோனியை வெச்சு வேற இசை போட்டாங்க. ஐரோப்பாவுலயே இருந்தப்போ நடந்தது அது.

இன்னொண்ணு. அவர் பிரான்ஸ்ல ரூபேயில பிறந்தவர், மில்லுங்க நிறைஞ்ச ஊர். சின்ன வயசுலயே ஃபேக்டரி வேலைக்குப் போனவர். கிளாரினெட் வாசிச்சார், முதுகெலும்புக் கோளாறு வந்ததும் அதை விட்டுட்டு பியானோ பக்கம் வந்தார். அப்படி வந்த மனுஷனுக்கு வேலை இருக்கிற இடத்துக்குப் போறது கௌரவக் குறைச்சல் இல்லை. அங்கே போன பிறகும் 1985ல 'ஆக்னஸ் ஆஃப் காட்' ஆஸ்கர் பரிந்துரைக்குப் போச்சே.

நாகலிங்கம்பூ:
ரெண்டு பேரும் இயக்குநர் த்ரூஃபோவை விட்டுட்டீங்க. அவரும் டெலரூவும் 1960ல சேர்ந்தாங்க, 1983ல 'விவ்மான் திமான்ஷ்' படம் வரைக்கும் நடுநடுவே இடைவெளி விட்டாலும் பிரியலை. த்ரூஃபோவோட 'டே ஃபார் நைட்' படத்துல ஒரு காட்சி. டைரக்டரா த்ரூஃபோவே நடிச்சிருப்பார். ஃபோன்ல டெலரூ புது மெட்டைப் போட்டுக் காட்டுவார். ரிசீவரைக் காதுல வெச்சுக்கிட்டே த்ரூஃபோ ஒரு பார்சலைப் பிரிப்பார், உள்ளே பெரிய இயக்குநர்களைப் பத்தின புத்தகங்கள். ஒண்ணொண்ணா மேஜையில விழும், ஃபோன்ல இசை ஓடிக்கிட்டே இருக்கும். பேச்சே தேவைப்படாத நட்பு.

1984 அக்டோபர்ல த்ரூஃபோ போயிட்டார், 52 வயசுதான். டெலரூ எந்த ஊர்ல இருந்திருந்தாலும் அந்த இடம் காலியாத்தான் இருந்திருக்கும். பழியை ஊர் மேல போடாதீங்க அண்ணா.

மாலைக்காட்சி:
அது நியாயம், ஒத்துக்கறேன். ஆனா அவர் ஹாலிவுட்ல இசை போட்ட 'ஸ்டீல் மக்னோலியாஸ்' பார்த்து முடிச்ச பிறகு எந்த மெட்டு மனசுல நிக்குது? இசை அழகாத்தான் இருக்கு. காட்சியை எதிர்த்து ஒரு வார்த்தை பேசலை, அவ்வளவுதான். 'லெ மெப்ரி'யில அந்த ஜோடிக்குத் தெரியறதுக்கு முன்னாடியே முறிவு வயலினுக்குத் தெரிஞ்சிருக்கு. அந்தத் துணிச்சலைத்தான் நான் தேடறேன்.

ரீல்பெட்டி:
அப்போ 1992ல வந்த 'தியென் பியென் ஃபூ'வைக் கேளுங்க. வியட்நாம்ல பிரெஞ்சுப் படை தோத்த போரைப் பத்தின படம். இயக்குநர் ஷோன்டர்ஃபேர் 1954ல அதே போர்ல சிறைபிடிக்கப்பட்டவர். அதுக்கு டெலரூ எழுதினது வயலின் கான்செர்ட்டோ, அதாவது ஆர்க்கெஸ்ட்ராவோட தனி வயலின் வாசிக்கிற இசை, பேரே 'விடைபெறும் கான்செர்ட்டோ'. ஹாலிவுட் போய்ப் பல வருஷம் கழிச்சு எழுதினது. ஊத்து வத்திப்போச்சுன்னு சொல்றவங்க அதுக்கு அப்புறம் பேசட்டும். அதே வருஷம் மார்ச்ல 'ரிச் இன் லவ்' பட இசையோட ஒலிப்பதிவை முடிச்ச கையோட பக்கவாதம் வந்து லாஸ் ஏஞ்சலஸ்ல இறந்தார். 67 வயசு. கடைசி நாள் வரைக்கும் ஆர்க்கெஸ்ட்ரா முன்னாடி நின்னவர்.

மாலைக்காட்சி:
அந்த கான்செர்ட்டோவை நான் கேட்டதே இல்லை சார். இன்னிக்கு ராத்திரி ஹெட்ஃபோன்ல கேக்கறேன். ஆனா 'பிளாட்டூன்' விஷயத்துல நான் இறங்கி வரமாட்டேன்.