ஓசு படங்களில் கேமரா அசையாமலே எப்படி நம்மைப் பிடித்து வைக்கிறது?

கடைசிவரிசை:
நேற்று ராத்திரி ஜப்பானிய இயக்குநர் யாசுஜிரோ ஓசுவின் 'லேட் ஸ்பிரிங்' (1949) பார்த்தேன். அப்பா, கல்யாணம் செய்துகொள்ள மனமில்லாத மகள், அவ்வளவுதான் கதை. கேமரா தரையை ஒட்டியே கிடக்கிறது, ஆனாலும் பாதியில் எழுந்து போக முடியவில்லை. நான் இப்போதுதான் குறும்படம் எடுத்துப் பழகுகிறேன். கேமராவைக் கீழே இறக்கினால் இது வந்துவிடுமா, இல்லை வேறு கணக்கு இருக்கிறதா?

எடிட்மேசை:
அது மட்டும் போதாது ப்ரோ. பாயில் உட்கார்ந்தவரின் கண்மட்டம் என்று எல்லாரும் சொல்வார்கள், எனக்கு அதில் உடன்பாடில்லை. ஆபீஸ், தெரு என்று யாரும் பாய் விரிக்காத இடத்திலும் அவர் தாழத்தான் வைக்கிறார். ஆனால் லென்ஸை அண்ணாந்து பார்க்க விடுவதில்லை. அதனால் தூண், கதவுச் சட்டம் எல்லாம் சாயாமல் நேராக நிற்கும், ஃப்ரேமுக்குள் இன்னொரு ஃப்ரேம் கிடைத்துவிடும். பெரும்பாலும் 50 எம்எம் லென்ஸ்தான், கண்ணால் பார்க்கிற மாதிரி இயல்பாகக் காட்டுவது. அப்புறம், இரண்டு பேர் பேசும்போது 180 டிகிரி கோட்டை (பேசும் இருவருக்கும் நடுவே ஒரு கற்பனைக் கோடு, கேமரா அதைத் தாண்டக் கூடாது என்பது வழக்கம்) கண்டுகொள்ளவே மாட்டார், இருவரும் கிட்டத்தட்ட நம்மைப் பார்த்தே பேசுவார்கள்.

உப்புக்காத்து:
லென்ஸ் கிடக்கட்டும், அவர் எதைக் காட்டாமல் விடுகிறார் என்று பாருங்க. படம் முழுக்கக் கல்யாணப் பேச்சு, ஆனால் கல்யாணமும் கிடையாது, மாப்பிள்ளை முகமும் கிடையாது. மணக்கோலத்தில் மகள் விடைபெறுகிறாள், எல்லாரும் போனபின் காலி அறையும் கண்ணாடியும். அடுத்த காட்சியில் எல்லாம் முடிந்து அப்பா குடித்துக்கொண்டிருக்கிறார். வீட்டுக்கு வந்து தனியாக உட்கார்ந்து ஆப்பிள் தோலைச் சீவுகிறார், கை நின்றுவிடுகிறது, தலை கவிழ்கிறது. நம்ம ஆட்கள் என்றால் நாதஸ்வரம், கெட்டிமேளம், அப்பா துண்டால் கண்ணைத் துடைப்பது என்று ஒரு ரீலையே ஓட்டியிருப்பார்கள். இந்தப் படத்திலிருந்து கடைசிவரைக்கும் திரைக்கதை ஆசிரியர் கோகோ நோடாவோடு சேர்ந்துதான் ஓசு திரைக்கதை எழுதினார். ஸ்டைலில் பாதி எழுத்திலேயே முடிந்துவிடுகிறது.

கடைசிவரிசை:
ஆரம்பத்திலிருந்தே இப்படித்தான் எடுத்தாரா?

எடிட்மேசை:
எங்கே! 1932ல் வந்த 'ஐ வாஸ் பார்ன், பட்...' பாருங்க, வகுப்பில் பையன்கள் வரிசையை ட்ராலியில் (கேமராவைச் சக்கரத்தில் நகர்த்தி) கடந்து, அப்படியே கட் பண்ணி ஆபீஸில் கொட்டாவி விடுகிறவர்கள் வரிசைக்குப் போவார், சரியான குறும்பு. அப்புறம் ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டே வந்தார். 1958 முதல் கலரில் எடுத்த ஆறு படங்களில் ட்ராலியே இல்லை. அதனால் முதல் படத்திலேயே ஸ்டைலைத் தேடாதீங்க. எடிட்டில் உங்களுக்கு ரொம்ப முக்கியமான காட்சியைத் தூக்கிவிட்டு, முன்னும் பின்னும் தாங்குகிறதா என்று பாருங்க.

கடைசிவரிசை:
அந்த முக்கியமான காட்சிக்குத்தான் மண்டபத்துக்கு அட்வான்ஸ் கொடுத்திருக்கேன் சார்!