மறு: ‘கோ-பிட்வீன்’ – தமிழில் என்ன சொல்லலாம்?

அனைவருக்கும் வணக்கம்.

வரலாற்றாசிரியர் கபில் ராஜ் பற்றி நான் எழுதும் கட்டுரை மூன்று வாரமாக ‘கோ-பிட்வீன்’ (go-between) என்ற இந்த ஒரு ஆங்கிலச் சொல்லில் நிற்கிறது. ஐரோப்பாவில் விளைந்த அறிவியல் கப்பலேறி இங்கே வந்து இறங்கியது என்ற கதையை அவர் ஏற்பதில்லை. இரு பக்கமும் போய்வந்த ஆட்களின் கையில்தான் அது உருவானது என்பார். அந்த ஆட்கள்தான் ‘கோ-பிட்வீன்’. 2009-இல் அவர் மூவரோடு சேர்ந்து பதிப்பித்த தொகுப்பு முழுக்க இவர்களைப் பற்றியது.

‘இடைத்தரகர்’ வேண்டவே வேண்டாம், கமிஷன் வாடை அடிக்கிறது. ‘இடையர்’ என்றால் ஆடுமாடு வந்துவிடும். ‘ஒருங்கிணைப்பாளர்’ இப்போது கல்யாண மண்டபத்தில்கூட இருக்கிறார்.

முந்தைய மடலில் ஐயா சொன்ன ‘துபாசி’ (கம்பெனிக் காலத்து இருமொழி இடையாள்) மேல் எனக்கும் ஆசைதான். ஆனந்தரங்கப் பிள்ளையே துபாசி. ஆனால் அது சென்னை, புதுச்சேரிக் கம்பெனிகளோடு ஒட்டிப்போன பதவிப்பெயர். 1769-இல் பசிபிக்கின் டஹிட்டித் தீவில் கேப்டன் குக்கின் கப்பலில் ஏறிய துபையாவைத் துபாசி என்று எழுதினால் அச்சுப்பிழை என்று நினைப்பார்கள்!

என் பரிந்துரை ‘வாயில்’. தொல்காப்பியக் கற்பியல், தலைவன் தலைவிக்கு இடையே தூது போகும் தோழி, பாணன், விறலியர் என்று பன்னிரண்டு பேரை வாயில்கள் என்கிறது. மருதப் பாட்டுகளில் பாணன் தலைவனுக்காகப் பேச வந்து தலைவியிடம் நன்றாக வாங்கிக் கட்டிக்கொள்வான். வாயிலாக வருபவருக்கு ஒரு சாய்வு உண்டு, பிழைப்பும் உண்டு. வெறும் மொழிபெயர்ப்பாளர் இல்லை.

இங்கே பெங்களூரு அல்சூரில் ஓர் அலுவலக வாசலில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து கன்னடத்தில் மனு எழுதித் தருபவர் ஒருவர் இருக்கிறார். பக்கத்து வீட்டு அம்மா அவரிடம் தமிழில், “தண்ணி வரலை, பில் மட்டும் கரெக்டா வருது” என்று பொரிந்து தள்ளினார். அவர் எழுதியது: விநியோகம் சீராக இல்லாததால் கட்டணத்தை மறுபரிசீலனை செய்யக் கோருகிறேன். அம்மாவின் கோபம் காணாமல் போனது, மனு உள்ளே போனது. கபில் ராஜ் பார்க்கச் சொல்வது இந்த வேலையைத்தான்.

இன்னொன்று. மைசூர் நிலஅளவையை நடத்திய கம்பெனி அதிகாரி காலின் மெக்கன்சிக்கு நம் மொழிகள் தெரியாது. காவலி வெங்கட போரய்யாதான் துணை. 1817-இல் எழுதிய கடிதத்தில் மெக்கன்சி, தன்னை இந்திய அறிவின் வாயிலுக்குள் புகவைத்த முதல் படி அவரது தொடர்புதான் என்கிறார். மெக்கன்சியே சொல்லை எடுத்துக் கொடுத்துவிட்டார்!

---

> என் பரிந்துரை ‘வாயில்’.

அக்கா, அழகாக இருக்கிறது, ஆனால் இரண்டு சிக்கல். ‘வாயிலர்’ என்று ஆக்கினால் வாட்ச்மேன் என்பார்கள், இல்லாவிட்டால் மயிலாப்பூர் வாயிலார் நாயனார் வந்து நிற்பார். அப்புறம், மெக்கன்சி சொன்னபடி பார்த்தால் போரய்யா வாயில் அல்ல, வாயிலுக்குக் கூட்டிப்போனவர்.

---

இரண்டாவது சரி, ஒப்புக்கொள்கிறேன். மெக்கன்சியைச் சாட்சிக்கு இழுத்திருக்கக் கூடாது. ஆனால் ‘அவர் வாயிலாக அறிந்தேன்’ என்று இன்றும் எழுதுகிறோமே, அங்கே வாயில் ஆள்தானே? அதனால் ‘அர்’ சேர்க்காமல் ‘அறிவுவாயில்’, பன்மையில் ‘அறிவுவாயில்கள்’. “போரய்யா ஓர் அறிவுவாயில்” என்று எழுதிப் பார்த்தேன். முதல் தடவை இடறுகிறது, மூன்றாவது தடவை இல்லை. ஆனால் ‘வந்தார்’ என்பதா ‘வந்தது’ என்பதா? அதற்கு யாராவது வழி சொல்லுங்கள்.