அந்தப் பெண்ணின் கேள்விக்கு ஆனந்த் பட்வர்தன் பதில் சொல்லிவிட்டாரா?

நடைபாதை:
பட்வர்தன் இயக்கி 1985இல் வந்த 'ஹமாரா ஷஹர்' மும்பைக் குடிசை இடிப்புகளைப் பற்றிய ஆவணப்படம். அதில் ஒரு பெண், ஏழைகளைப் படம் பிடித்துப் பெயர் வாங்கத்தானே வந்திருக்கிறீர்கள் என்ற பொருளில் இயக்குநரையே திட்டித் தீர்க்கிறார். அதை வெட்டாமல் வைத்தது நேர்மை என்று இன்றுவரை புகழ்கிறோம். எனக்கோ அது கெட்டிக்காரத்தனமாகப் படுகிறது. குற்றச்சாட்டைப் படத்துக்குள்ளேயே வைத்துவிட்டால், வெளியிலிருந்து அதைச் சொல்பவனின் வாய் அடைபட்டுப் போகும். படத்துக்குத் தேசிய விருது கிடைத்தது. அந்தப் பெண்ணுக்கு என்ன கிடைத்தது?

எடிட்டிங் மேசை:
படத்தொகுப்பு என் பிழைப்பு என்பதால் சொல்கிறேன், ஐயா: அந்தக் காட்சியைத் தூக்கியிருந்தால் ஒருவருக்கும் தெரிந்திருக்காது. கெட்டிக்காரத்தனம்தான் என்றால் விருதோடு கதை முடிந்திருக்கும். அதே படத்தில் பாடிய விலாஸ் கோக்ரே என்னும் தலித் கவிஞர், 1997 ஜூலையில் மும்பை ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டதைக் கண்டித்துத் திரண்ட மக்கள்மீது போலீசார் சுட்டுப் பத்துப் பேர் இறந்த சில நாள்களில், தூக்கிட்டுக்கொண்டார். அந்தச் சாவிலிருந்து தொடங்கி பட்வர்தன் 14 ஆண்டுகள் படம் எடுத்து, 'ஜெய் பீம் காம்ரேட்' என்று முடித்து, 2012 சனவரியில் ரமாபாய் நகர் மக்களுக்கே போட்டுக் காட்டினார். பெயருக்கு அலைபவன் ஒரு குடியிருப்பை இத்தனை காலம் சுற்றி வரமாட்டான்.

மாட்டுங்கா வாசி:
வழக்குகளையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அணுகுண்டு அரசியலைப் பேசிய அவருடைய 'வார் அண்ட் பீஸ்' படத்தில் தணிக்கை வாரியம் 21 வெட்டுகள் கேட்டது. 2003இல் மும்பை உயர் நீதிமன்றம் ஒரு வெட்டும் வேண்டாமென்றது. தூர்தர்ஷன் ஒளிபரப்ப மறுத்த இன்னொரு படத்துக்காக உச்ச நீதிமன்றம்வரை போய் 2006இல் வென்றார்.

நடைபாதை:
வென்றார், மறுக்கவில்லை. ஆனால் ஆண்டுக்கணக்கில் நீதிமன்றப் படியேற யாரால் முடியும்? ரமாபாய் நகரிலேயே பிறந்த ஒரு பையன் கேமராவைத் தூக்கினால், முதல் வாய்தாவிலேயே வாடகைக்கு வழியில்லாமல் நிற்பான். சுதந்திரமாக இயங்குவதற்கும் ஒரு முதலீடு வேண்டியிருக்கிறது. நம் பாராட்டுரைகளில் அந்தக் கணக்கு வருவதே இல்லை.

எடிட்டிங் மேசை:
அந்தக் கணக்கு சரிதான். ஆனாலும் தீர்ப்பு என்று ஒன்று வந்துவிட்டால், நாளை அந்தப் பையனின் வழக்கறிஞரும் அதைக் காட்டி வாதாடலாம். இன்னொன்றையும் எண்ணிப் பாருங்கள். அயோத்திக் கோயிலின் பூசாரி லால்தாஸ், கோயிலைச் சுற்றி நடப்பது அரசியல் என்று பட்வர்தனின் 'ராம் கே நாம்' படத்தில் பதற்றமில்லாமல் பேசுகிறார். 1993இல் அவரைக் கொன்றுவிட்டார்கள். பேசிய குரல் நம்மிடம் மிஞ்சியிருக்கிறது என்றால், யாரோ ஒருவர் அங்கே கேமராவோடு போய் நின்றார் என்பதால்தான்.

நடைபாதை:
லால்தாஸ் விஷயத்தில் உங்களோடு உடன்படுகிறேன். கோக்ரே இடதுசாரிக் கலைக்குழு ஒன்றில் பாடியவர்; அந்தக் குழு அவரை விலக்கி வைத்தது; சாகும்போது தலையில், அம்பேத்கர் இயக்கத்தின் நிறமான நீலத்தில் துணி கட்டியிருந்தார். ஏன் நீலம் என்று தன் தோழர்களையே பட்வர்தன் துருவிக் கேட்ட இடத்தில் அவரை மதிக்கிறேன். ஆனால் 'ஹமாரா ஷஹர்' பெண் கேட்டது அவரிடம், தோழர்களிடம் அல்ல.